சினிமாவுக்கு வைத்த பெயர், யோகாவில் நிலைத்த பெயர்: யார் இந்த 'இந்திரா தேவி'?

தீபாவளி சீசனில் சிவகாசி பக்கம் போய் ஒரு பட்டாசுக் கடைக்குள் நுழைந்தால், பெட்டிகளின் மேல் சாமி படம் இருக்கும், குழந்தை படம் இருக்கும், சினிமா ஸ்டார் சாயலில் ஒரு முகம் இருக்கும். நடுவில் யார் என்றே தெரியாத ஒரு வெளிநாட்டுப் பெண்ணும் சிரித்துக்கொண்டிருப்பார். அவர் எந்த ஊர், பெயர் என்ன என்று யாரும் கேட்பதில்லை. கம்பி மத்தாப்பு நமத்துப் போகாமல் எரிந்தால் சரி!

நம்ம சினிமாவும் வெளிநாட்டுப் பெண்களை ரொம்ப நாள் இப்படித்தான் வைத்திருந்தது. பாட்டில் ஹீரோவுக்குப் பின்னால் வரிசையாக ஆடுவார்கள், அவ்வளவுதான். 2010-ல் 'மதராசபட்டினம்' வந்தபோது எமி ஜாக்சன் என்ற பெயரை ஊரே சொன்னது. பிறகு 'ஐ', 'தெறி', '2.0' என்று அவருக்குப் படங்கள் வரிசை கட்டின. 2022 தீபாவளிக்கு வந்த 'பிரின்ஸ்' படத்தில் சிவகார்த்திகேயனுக்கு ஜோடி மரியா ரியாபோஷப்கா. கதையில் அவர் பிரிட்டிஷ் பெண், நிஜத்தில் உக்ரைன்காரர். அதே ஆண்டு 'நானே வருவேன்' படத்தில் தனுஷுடன் நடித்த எல்லி அவ்ராம் ஸ்வீடனில் பிறந்தவர்.

இதெல்லாம் புது டிரெண்ட் என்று நினைத்தால், இல்லை. தமிழில் முதல் பேசும் படம் 'காளிதாஸ்' வெளியானது 1931-ல். அதற்கும் ஓராண்டு முன்பே ஐரோப்பாவில் பிறந்த ஒரு நடிகை பம்பாயில் ஹீரோயின் ஆகிவிட்டார். பிறகு அதே பெயரோடு யோகா டீச்சராகி, ஹாலிவுட் நட்சத்திரங்களுக்கே ஆசனம் சொல்லிக்கொடுத்தார். அவர்தான் இந்திரா தேவி.

யார் இவர்?

இயற்பெயர் யூஜினி பீட்டர்சன். 1899 மே 12 அன்று, அப்போது ரஷ்யப் பேரரசில் இருந்த ரீகா நகரில் பிறந்தார். இன்று அது லாட்வியாவின் தலைநகரம். அப்பா வங்கித் துறையில் இருந்தவர், ஸ்வீடன் வம்சாவளி. அம்மா ரஷ்யப் பிரபுக் குடும்பத்தில் பிறந்து மேடையில் நடித்தவர். 1917 புரட்சியும் உள்நாட்டுப் போரும் அந்த வாழ்க்கையைக் கலைத்துப் போட்டன. தாயும் மகளும் அகதிகளாகக் கடைசியில் பெர்லின் வந்து சேர்ந்தார்கள். அங்கே ரஷ்ய அகதிகள் நடத்திய 'நீலப் பறவை' என்ற கேபரே குழுவில் நடிகையாகவும் நடனக்காரியாகவும் சேர்ந்தார் யூஜினி.

சரி, பெர்லினில் ஆடிக்கொண்டிருந்தவருக்கு இந்தியா எப்படி வந்தது? பதில் நம்ம சென்னை அடையாறில் இருக்கிறது. அடையாறு கடற்கரையில் 1909-ல் பிரம்மஞான சபைக்காரர்கள் கண்டெடுத்த சிறுவன்தான் ஜே. கிருஷ்ணமூர்த்தி. உலகுக்கே குரு ஆவார் என்று அவரை அன்னி பெசன்ட் வளர்த்தார். அந்த கிருஷ்ணமூர்த்தியைக் கேட்க நெதர்லாந்தின் ஓமன் ஊரில் ஆண்டுதோறும் முகாம் நடக்கும். 1926-ல் அங்கே போன யூஜினிக்கு அவர் சமஸ்கிருதத்தில் ஓதியது மனதில் ஒட்டிக்கொண்டது. அடுத்த வருடமே இந்தியாவுக்குக் கப்பல் ஏறினார். அவரை மணக்க இருந்த ஒரு வங்கியாளர்தான் பயணச் செலவைக் கொடுத்தார். ஊர் திரும்பியதும் மோதிரத்தைக் கழற்றி அவரிடமே கொடுத்துவிட்டு, கையில் இருந்த நகைகளை விற்று மறுபடியும் இந்தியாவுக்கு வந்தார். அந்த வங்கியாளர் பாவம்தான்!

பெயர் ஏன் மாறியது?

1930-ல் வெளியான 'ஷேர்-ஏ-அரப்' என்ற மௌனப் படத்தில் அவர் நடித்தார். இயக்குநர் பகவதி மிஸ்ரா. அந்தப் படத்துக்காக வைத்துக்கொண்ட பெயர்தான் இந்திரா தேவி.

அந்தக் காலத்தில் இது சகஜம். 'நல்ல குடும்பத்துப் பெண்' சினிமாவில் நடிக்கக் கூடாது என்ற எண்ணம் வலுவாக இருந்தது. அதனால் கேமரா முன் வந்தவர்களில் பலர் ஆங்கிலோ இந்தியர், யூதப் பெண்கள். அவர்களுக்கு இந்துப் பெயர் வைத்தால்தான் ரசிகர்கள் ஏற்பார்கள் என்பது கம்பெனிகளின் கணக்கு. ரூபி மையர்ஸ் 'சுலோசனா' ஆனார். ரெனீ ஸ்மித் 'சீதா தேவி' ஆனார். படம் பேசாது என்பதால் மொழிப் பிரச்னையும் கிடையாது. பேசும் படம் வந்ததும் அந்தக் கதவு மெல்லச் சாத்தத் தொடங்கியது.

இந்திரா தேவியின் சினிமா வாழ்க்கை நீளவில்லை. 1930-லேயே பம்பாயில் செக்கோஸ்லோவாகிய தூதரக அதிகாரி யான் ஸ்ட்ரகாட்டியை மணந்தார். பார்ட்டி, விருந்து என்று நாட்கள் ஓடின. சில வருடங்களில் நெஞ்சு வலி தொடங்கியது. மருந்தில் தீராத வலி யோகாவில் தீர்ந்தது என்று அவரே பின்னாளில் சொல்லிவந்தார். அது அவருடைய அனுபவம். நெஞ்சு வலி வந்தால் நாம் போக வேண்டிய இடம் ஆஸ்பத்திரி.

'பெண்ணுக்கு இங்கே இடமில்லை'

இந்தக் கதையில் முக்கியமான இடம் மைசூர். அங்கே மகாராஜா நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் ஆதரவில் ஜகன்மோகன் அரண்மனையில் யோகசாலை நடத்தியவர் திருமலை கிருஷ்ணமாச்சாரியார். பட்டாபி ஜோயிஸ், பி.கே.எஸ். ஐயங்கார் என்று பின்னாளில் உலகம் கொண்டாடிய ஆசிரியர்கள் அவரிடம் படித்தவர்கள்தான். ஐயங்கார் அவருக்கு மைத்துனரும்கூட.

இந்திரா தேவி போய்க் கேட்டபோது கிருஷ்ணமாச்சாரியார் மறுத்துவிட்டார். வெளிநாட்டவர் என்பது ஒரு காரணம். பெண் என்பது இன்னொன்று. அரண்மனையில் இந்திரா தேவிக்குப் பழக்கம் இருந்தது. மகாராஜாவே சொன்ன பிறகு குருவால் தட்ட முடியவில்லை.

ஆனால் சிபாரிசில் வந்தவர் என்று அவர் சலுகை காட்டவில்லை. கடுமையான சாப்பாட்டுக் கட்டுப்பாடு. சர்க்கரை, மைதா கிடையாது. பொழுது விடியும் முன் எழ வேண்டும், இரவு சீக்கிரம் படுத்துவிட வேண்டும். தானாக ஓடிப்போய்விடுவார் என்று குரு எதிர்பார்த்திருக்கலாம். தூதரக விருந்துகளில் பழகிய, 40 வயதை நெருங்கிய அந்தப் பெண் ஓடவில்லை. கணவருக்குச் சீனாவுக்கு மாற்றல் வந்தபோது நிலைமை தலைகீழ் ஆனது. 'நீ போய் யோகா கற்றுக்கொடு' என்று சொன்னவர், முதலில் வாசலிலேயே மறுத்த அதே கிருஷ்ணமாச்சாரியார். மூச்சுப் பயிற்சி உட்படக் கற்றுக்கொடுக்கும் முறையை நோட்டில் எழுதவைத்து அனுப்பினார்.

1939-ல் ஷாங்காய். சியாங் காய்-ஷேக்கின் மனைவி சூங் மெய்-லிங்குக்குச் சொந்தமான வீட்டில் வகுப்பு தொடங்கியது. போர் முடிந்து இந்தியா திரும்பினார். கணவர் 1946-ல் இறந்துபோனார். 1947-ல் தனி ஆளாக அமெரிக்கா போனார்.

ஹாலிவுட்டில் என்ன நடந்தது?

லாஸ் ஏஞ்சலஸில், சன்செட் புல்வார்டு சாலையில் யோகா ஸ்டுடியோ திறந்தார். கிரேட்டா கார்போ, குளோரியா ஸ்வான்சன், ஜெனிஃபர் ஜோன்ஸ் என்று பெரிய பெயர்கள் எல்லாம் அவரிடம் வந்தன. அவர் சேலை கட்டிக்கொண்டு பாடம் எடுப்பார். 1953-ல் வெளியான அவருடைய யோகா புத்தகத்தின் தலைப்பை 'என்றும் இளமை, என்றும் ஆரோக்கியம்' என்று தமிழில் சொல்லலாம். இன்றைய ரீல்ஸ் கேப்ஷன் மாதிரியே இல்லையா?

அவர் மேல் இருக்கும் விமர்சனமும் இதுதான். தத்துவம், விரதம் எல்லாவற்றையும் ஓரமாக வைத்து, டென்ஷன் குறையும், முகம் பொலிவாகும் என்று யோகாவை அழகுப் பொருளாக விற்றார் என்பார்கள். அதில் உண்மை உண்டு. ஆனால் அந்த மென்மையான வடிவம்தான் வெளிநாட்டுப் பெண்களைப் பாயில் உட்கார வைத்தது. இன்று உலகத்தில் யோகா வகுப்புகளை நிரப்புகிறவர்களில் பெரும்பாலோர் பெண்கள்.

பிறகு மெக்சிகோ, பெங்களூரு, கடைசியில் அர்ஜென்டினா. பியூனஸ் அயர்ஸில் 2002 ஏப்ரல் 25 அன்று இறந்தபோது அவருக்கு 102 வயது. 1930-ல் ஒரு மௌனப் படத்துக்காக வைத்த பெயரைச் சட்டப்படியே தன் பெயராக்கிக்கொண்டிருந்தார்.

நமக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?

மைசூர் யோகசாலை மூடப்பட்ட பிறகு கிருஷ்ணமாச்சாரியார் 1952-ல் குடியேறியது சென்னையில். 1989-ல் 100 வயதில் காலமானதும் இங்கேதான். அவர் மகன் டி.கே.வி. தேசிகாசார் 1976-ல் தொடங்கிய கிருஷ்ணமாச்சார்ய யோக மந்திரம் இன்றும் சென்னையில் இயங்குகிறது. எல்லாருக்கும் ஒரே ஆசனம் என்பது இவர்கள் வழி இல்லை. வயது என்ன, உடம்பில் என்ன பிரச்னை, செய்கிற வேலை என்ன என்று பார்த்துத்தான் பயிற்சி.

'செய்கிற வேலை என்ன' என்ற அந்தக் கேள்வியைச் சிவகாசி, சாத்தூர், வெம்பக்கோட்டை பக்கம் கேட்டுப் பார்க்கலாம். பட்டாசுத் தொழிலில் பெண்கள் ஏராளம். குழாய் சுருட்டுவது, திரி செருகுவது, பெட்டியில் அடைப்பது எல்லாம் தரையில் உட்கார்ந்து, குனிந்த தலை நிமிராமல் செய்கிற வேலை. பீஸ் ரேட் கூலி என்றால் எழுந்து கையைக் காலை நீட்டுகிற நேரமும் காசுதான். இடுப்பு வலி, கழுத்து வலி, முட்டி வலி பற்றி அவர்களிடம் தனியாகக் கேட்க வேண்டியதில்லை.

தமிழ்நாட்டில் பல அரசு மருத்துவமனைகளில் யோகா மற்றும் இயற்கை மருத்துவப் பிரிவு இருக்கிறது. கட்டணம் கிடையாது. இந்திரா தேவிக்குத் தேவைப்பட்டது போல மகாராஜா சிபாரிசும் வேண்டாம், ஓ.பி. சீட்டு போதும். ஆனால் காலையில் ஓ.பி. கவுன்ட்டர் திறக்கும்போது, விடியுமுன் சோறு பொங்கி டிபன் பாக்ஸில் அடைத்துக்கொண்டு கிளம்பிய அந்தப் பெண்களை ஏற்றிக்கொண்டு கம்பெனி பஸ் ஊர் எல்லையைத் தாண்டியிருக்கும்.