காலர் ஐடியைக் கண்டுபிடித்தாரா ஷெர்லி ஜாக்சன்? வைரல் பதிவு சொல்லாத நிஜக் கதை!

காலர் ஐடி, கால் வெயிட்டிங், பட்டன் போன், ஃபைபர் ஆப்டிக் கேபிள், சோலார் செல், கையில் தூக்கிச் செல்லும் ஃபேக்ஸ் மெஷின். இத்தனையையும் ஒரே பெண் விஞ்ஞானி கண்டுபிடித்தார் என்று ஒரு பதிவு பல வருடங்களாக இணையத்தில் சுற்றிக்கொண்டே இருக்கிறது. அவர் பெயர் ஷெர்லி ஆன் ஜாக்சன், அமெரிக்க இயற்பியலாளர்.

சின்னதா ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஷெர்லி பிறந்தது 1946 ஆகஸ்ட் 5-ம் தேதி. பெல் ஆய்வகம் தன் சிலிக்கான் சோலார் செல்லை உலகுக்குக் காட்டியது 1954 ஏப்ரலில். அப்போது அவருக்கு 7 வயது. பட்டன் போன் 1963-ல் அறிமுகமானபோது பள்ளி மாணவி. காலர் ஐடிக்கு அடித்தளமான காப்புரிமைகளைக் கிரேக்கப் பொறியாளர் தியோடர் பராஸ்கெவாகோஸ் 1970-களின் தொடக்கத்திலேயே வாங்கிவிட்டார். ஷெர்லி பெல் ஆய்வகத்தில் வேலைக்குச் சேர்ந்ததே 1976-ல்தான்.

அப்போ எல்லாமே புருடாவா? பட்டியல் புருடாதான். ஆனால் ஷெர்லியின் நிஜ வாழ்க்கை இந்தப் பட்டியலைவிடப் பெரியது. சில இடங்களில் சங்கடமானதும்கூட. அந்தச் சங்கடத்தையும் சேர்த்துப் பார்த்தால்தான் அவர் யார் என்று புரியும்.

தேனீ பிடித்த சிறுமி

வாஷிங்டன் நகரில் பிறந்தார். அப்பா தபால் துறை ஊழியர், அம்மா சமூகப் பணியாளர். வெள்ளையர், கறுப்பினத்தவர் என்று பள்ளிகள் தனித்தனியாக இருந்த காலம் அது. 1954-ல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்த பிறகுதான் நிலைமை மாறத் தொடங்கியது. சின்ன வயதில் தேனீக்களையும் வண்டுகளையும் பாட்டிலில் பிடித்து வைத்து, என்ன சாப்பாடு கொடுத்தால் எப்படி நடந்துகொள்கின்றன என்று குறிப்பு எடுப்பாராம். பள்ளியில் முதல் மாணவியாகத் தேறி, 1964-ல் எம்ஐடியில் சேர்ந்தார்.

அங்கே கறுப்பின மாணவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். சேர்ந்து வீட்டுப்பாடம் போடும் மாணவிகள் கூட்டத்தில் இவருக்கு இடமில்லை. இவர் போய் உட்கார்ந்தால் மற்றவர்கள் எழுந்து போவார்கள். கறுப்பினப் பெண்கள் ஏதாவது கைத்தொழில் கற்றுக்கொள்வது நல்லது என்று ஒரு பேராசிரியர் அறிவுரை சொன்னதைப் பின்னாளில் அவரே பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இயற்பியலையே தன் தொழிலாக எடுத்துக்கொண்டதுதான் அதற்கு அவர் தந்த பதில்.

1968-ல் இளநிலைப் பட்டம் முடிகிற நேரம். மேற்படிப்புக்கு வேறு பல்கலைக்கழகங்களும் அழைத்தன. அதில் ஒன்றைப் பார்க்க ஃபிலடெல்ஃபியா போயிருந்தபோதுதான் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்ட செய்தி வந்தது. எம்ஐடியிலேயே இருந்து, அந்த இடத்தை மாற்றப் பார்ப்பது என்று முடிவெடுத்தார். கறுப்பின மாணவர் சங்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். கூடுதலாகக் கறுப்பின மாணவர்களைச் சேர்க்கும் திட்டத்துக்காக நிர்வாகத்தோடு உட்கார்ந்து பேசினார். 1973-ல் துகள் இயற்பியலில் டாக்டர் பட்டம் வாங்கியபோது, எம்ஐடியில் அந்தப் பட்டம் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவர்தான். இயற்பியலில் மட்டுமல்ல, எல்லாத் துறைகளையும் சேர்த்து.

பெல் ஆய்வகத்தில் நிஜமாகவே என்ன செய்தார்?

ஃபெர்மி ஆய்வகம், ஐரோப்பாவின் செர்ன் என்று சில வருடங்கள் இருந்துவிட்டு 1976-ல் பெல் ஆய்வகத்துக்கு வந்தார். துகள்களை விட்டுவிட்டு, பொருட்களுக்குள் எலெக்ட்ரான் எப்படி நடந்துகொள்கிறது என்ற கேள்விக்கு மாறினார். குறிப்பாக, அடுக்கடுக்காக அமைந்த மெல்லிய பொருட்களில்.

ஒரு உதாரணம். கடுங்குளிரில் ஹீலியம் திரவமாகிவிடும். அந்தத் திரவத்தை மெல்லிய ஏடாகப் பரப்பி, அதன் மேல் ஓர் எலெக்ட்ரானை வைத்தால் என்ன ஆகும்? பஞ்சு மெத்தையில் உட்கார்ந்தால் நமக்குக் கீழே பள்ளம் விழுகிறதே, அதுபோல எலெக்ட்ரானும் தனக்கு ஒரு குட்டிப் பள்ளத்தை உண்டாக்கும். நகரும்போது அந்தப் பள்ளத்தையும் இழுத்துக்கொண்டே நகர வேண்டும். அதனால் எலெக்ட்ரான் கனத்துப்போனது மாதிரி நடந்துகொள்ளும். சில நேரம் அப்படியே மாட்டிக்கொள்ளும். இதன் கணக்கைப் போட்டவர்களில் ஷெர்லி ஒருவர். 15 ஆண்டுகள் இந்த மாதிரிக் கேள்விகளோடுதான் இருந்தார்.

இந்தக் கணக்கிலிருந்து காலர் ஐடிக்கு நேர்வழி ஏதும் கிடையாது. தொலைபேசி நிறுவனத்தின் ஆய்வகம், அங்கே ஒரு பெண் விஞ்ஞானி, போதாதா? யாரோ இரண்டையும் ஒட்டவைத்துவிட்டார்கள். எலெக்ட்ரானின் பள்ளத்தை ஃபார்வர்டு செய்ய முடியாது, காலர் ஐடியைச் செய்யலாம்!

அணு உலைகளுக்கு மேல் ஓர் அதிகாரி

ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவரை 1995-ல் அதிபர் கிளிண்டன் அணுசக்தி ஒழுங்குமுறை ஆணையத்தின் தலைவராக நியமித்தார். அமெரிக்காவில் அப்போது மின்சாரம் தயாரித்துக்கொண்டிருந்த 100-க்கும் மேற்பட்ட அணு உலைகளைக் கண்காணித்த அமைப்பு அது. அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் பெண், முதல் கறுப்பினத்தவர் இவர். என்னைக் கேட்டால், இவர் வாழ்க்கையின் முக்கியமான அத்தியாயம் இதுதான். ஆனால் வைரல் பதிவில் இது ஒரு வரிகூட இருக்காது.

வந்த சில மாதங்களில் மில்ஸ்டோன் விவகாரம் வெடித்தது. கனெக்டிகட் மாநிலத்தில் உள்ள அணுமின் நிலையம் அது. எரிபொருள் மாற்றும்போது, விதிகள் அனுமதித்ததைவிட அதிகமான சூடான எரிபொருள் கோல்களைக் குளிர்விக்கும் குளத்தில் இறக்குகிறார்கள் என்று அங்கே வேலை பார்த்த ஜார்ஜ் கலாட்டிஸ் என்ற பொறியாளர் கத்திக்கொண்டிருந்தார். யாரும் காதில் வாங்கவில்லை. 1996 மார்ச்சில் அவர் படம் ‘டைம்’ இதழின் அட்டையில் வந்தது. கண்காணிக்க வேண்டிய ஆணையமே பல ஆண்டுகளாகக் கண்டும் காணாமல் இருந்தது என்பதுதான் அதில் இருந்த பெரிய குற்றச்சாட்டு.

ஷெர்லி தன் ஆணையத்துக்கு முட்டுக்கொடுத்து நிற்கவில்லை. மில்ஸ்டோனின் மூன்று உலைகளும் நிறுத்தப்பட்டன. ஆணைய உறுப்பினர்கள் வாக்களித்து ஒப்புதல் தராமல் மறுபடி இயக்கக் கூடாது என்று ஆனது. 1997-ல் அந்த நிறுவனத்துக்கு 21 லட்சம் டாலர் அபராதம். அதுவரை அந்த ஆணையம் விதித்ததிலேயே பெரிய தொகை. மூன்றில் ஒரு உலை பிறகு ஓடவே இல்லை.

23 ஆண்டுகள், ஒரு பல்கலைக்கழகம்

1999-ல் நியூயார்க் மாநிலத்தின் ட்ராய் நகரில் உள்ள ரென்சிலர் பாலிடெக்னிக் கல்வி நிலையத்தின் 18-வது தலைவரானார். 1824-ல் தொடங்கிய பழைய பொறியியல் பல்கலைக்கழகம். ஆர்பிஐ என்பார்கள், நம்ம ரிசர்வ் வங்கியோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்! அமெரிக்காவில் பல்கலைக்கழகத் தலைவர் என்றால் நம் ஊர் துணைவேந்தர் மாதிரி. ஒரே வித்தியாசம், தனியார் பல்கலைக்கழகம் என்பதால் நிதி திரட்டுவதுதான் பாதி வேலை. பதில் சொல்ல வேண்டியது அறங்காவலர் குழுவுக்கு.

நிதி திரட்டுவதில் ஷெர்லி கில்லாடி. 2001-ல் பெயர் சொல்ல விரும்பாத ஒருவர் 36 கோடி டாலர் கொடுத்தார், எதற்குச் செலவழிக்க வேண்டும் என்ற நிபந்தனையே இல்லாமல். உயிரித் தொழில்நுட்ப மையம், ஐபிஎம்மோடு சேர்ந்து சூப்பர் கம்ப்யூட்டர் மையம், 2008-ல் 20 கோடி டாலருக்கு மேல் செலவில் பிரம்மாண்டமான கலை அரங்கம் என்று வளாகமே மாறிப்போனது. மங்கிக்கிடந்த பெயருக்கு மறுபடி மவுசு வந்தது.

ஆனால் கடனும் ஏறியது. அதைவிட, முடிவுகள் எல்லாம் மேலிருந்தே வருகின்றன என்ற குமுறல். 2006-ல் ஆசிரியர்கள் அவர்மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவந்தார்கள். ஆதரவு 149, எதிர்ப்பு 155. ஆறே ஓட்டில் தப்பினார். அடுத்த ஆண்டு, யார் யார் உறுப்பினராகலாம் என்ற தகராறில் ஆசிரியர் செனட்டையே நிர்வாகம் இடைநிறுத்தியது. 2012-ல் அவருக்குக் கிடைத்த மொத்த ஊதியம் 71 லட்சம் டாலர், அன்றைய மதிப்பில் ஏறக்குறைய 38 கோடி ரூபாய். அந்த ஆண்டு அமெரிக்கத் தனியார் பல்கலைக்கழகத் தலைவர்களிலேயே அதுதான் முதலிடம். அதில் பெரும்பகுதி பத்து ஆண்டுகளாகச் சேர்ந்து ஒரே தடவையில் கைக்கு வந்த தொகை என்பதையும் சொல்ல வேண்டும். ஆனால் அந்த விளக்கம் ஃபீஸ் கட்டும் மாணவருக்கு ஆறுதலாக இருந்திருக்காது. மாணவர்களே நடத்திவந்த யூனியன் நிர்வாகத்தின் கைக்குப் போகிறது என்று 2016-லும் 2017-லும் மாணவர்கள் போராட்டத்தில் இறங்கினார்கள்.

இங்கேதான் கேள்வி வருகிறது. எம்ஐடியில் கூட்டத்துக்கு வெளியே நிறுத்தப்பட்ட மாணவி, நிர்வாகத்தோடு மல்லுக்கு நின்று மாற்றம் கொண்டுவந்தவர், தானே நிர்வாகமானபோது ஏன் இப்படி? கேட்காமலே பழகிய கதவைத் தானே தள்ளித் திறந்தவருக்கு, எல்லோரையும் கேட்டு முடிவெடுப்பது நேரவிரயமாகத் தெரிந்திருக்கலாம். அணு உலையில் தலைவர் சொன்னால் நிறுத்தத்தான் வேண்டும். பல்கலைக்கழகத்தில் பேராசிரியர்கள் ‘ஏன்?’ என்று கேட்பார்கள், கேட்கவும் வேண்டும். அறங்காவலர் குழு கடைசிவரை அவர் பக்கம் நின்றது. அதுவே அவருக்குப் பலம். எதிர்க்குரலை அவர் கேட்காமல் போனதற்கும் அதுவே காரணமோ என்று தோன்றுகிறது.

இந்தப் பஞ்சாயத்து நடந்துகொண்டிருந்த அதே ஆண்டுகளில் ஒபாமாவின் அறிவியல் ஆலோசனைக் குழுவிலும் இருந்தார். அமெரிக்காவின் தேசிய அறிவியல் பதக்கத்தை 2016-ல் ஒபாமா கையால் வாங்கினார். துகள், திடப்பொருள் இயற்பியல் ஆய்வுகளுக்கும் பொதுக் கொள்கைப் பணிக்கும் கிடைத்த பதக்கம் அது.

2022 ஜூலை 1-ம் தேதி பதவியிலிருந்து இறங்கினார். அந்த நாற்காலிக்கு அடுத்து வந்தவர் மார்ட்டின் ஷ்மிட், ரென்சிலரின் முன்னாள் மாணவர். அவர் வந்து சேர்ந்தது எம்ஐடியிலிருந்து.