திரும்ப வரும் கட்டி

திருச்சுழியில் 1879 டிசம்பர் 30 அன்று பிறந்த ரமண மகரிஷி, 1950 ஏப்ரல் 14-ல் திருவண்ணாமலையில் மறைந்தார். உயிரைக் கொண்டுபோனது சார்கோமா என்னும் அரிய புற்றுநோய்.

இடது முழங்கைக்கு அருகே சின்னக் கட்டிதான் முதலில். 1949 பிப்ரவரியில் அறுத்து எடுத்தார்கள். அடுத்த மாதமே திரும்ப வந்தது. மறுபடி அறுத்துச் சோதித்தபோதுதான் சார்கோமா என்று தெரிந்தது. ரேடியம் வைத்தார்கள். கையையே எடுத்துவிடலாம் என்றதற்கு அவர் சம்மதிக்கவில்லை. பச்சிலை வைத்தியமும் பார்த்தாயிற்று. ஆகஸ்டில் ஒன்று, டிசம்பரில் ஒன்று சேர்த்து மொத்தம் நான்கு அறுவை, கட்டி அடங்கவில்லை.

ஏன் அடங்குவதில்லை? பெரும்பாலான புற்றுநோய்கள் உறுப்புகளின் மேல்படலத்தில் தொடங்குபவை. சார்கோமா தசை, கொழுப்பு, நரம்பு, ரத்தக்குழாய் ஆகியவற்றில் முளைப்பது. பெரியவர்களுக்கு வரும் புற்றுநோய்களில் நூற்றில் ஒன்று அளவே. பார்வைக்கு உறை போட்டதுபோல் உருண்டையாக இருக்கும், ஆனால் புற்றணுக்கள் அந்த உறையைத் தாண்டிப் போயிருக்கும். கட்டியை மட்டும் தோண்டி எடுப்பது, தூரை விட்டுவிட்டுச் சீமைக்கருவேலத்தை வெட்டுவது மாதிரி. சுற்றியுள்ள நல்ல சதையையும் சேர்த்து எடுக்க வேண்டும். அதனால் முதல் அறுவைதான் முக்கியம்.

சார்கோமா வகைகளில் ரத்தக்குழாயின் உட்சுவரில் தோன்றும் ஆஞ்சியோசார்கோமா ரொம்பவே ஏமாற்றும். வயதானவர்களின் தலையிலோ முகத்திலோ அடிபட்டுக் கன்றிப்போன இடம்போல் ஊதாவாகத் தெரியும். பெரும்பாலும் வலி இருக்காது. எங்கேயோ இடித்துக்கொண்டேன் என்று அவர்களே காரணமும் சொல்லிவிடுவார்கள். மார்பகப் புற்றுநோய்க்குச் சிகிச்சை பெற்றுப் பல ஆண்டுகளாகக் கை வீங்கியே இருப்பவர்களுக்கும் அபூர்வமாக வரும். 1872-ல் காப்போசி என்னும் மருத்துவர் விவரித்த இன்னொரு வகைக்கு ஒரு வைரஸ் காரணம் என்பது 1994-ல்தான் தெரிந்தது. எச்ஐவி உள்ளவர்களிடம் அதிகம் காணப்படுகிறது.

உடம்பில் தட்டுப்படும் கட்டிகளில் பெரும்பாலானவை வெறும் கொழுப்புக்கட்டிகள், பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் ஐந்து சென்டிமீட்டரைத் தாண்டியது, வளர்ந்துகொண்டே போவது, ஆழத்தில் இருப்பது, ஒருமுறை எடுத்தும் திரும்ப வந்தது, இவற்றுக்குப் பத்துப் போட்டுக்கொண்டு காத்திருக்கக் கூடாது. சில வாரங்களாகியும் மறையாமல் பரவும் கன்றலும் அப்படித்தான். திருச்சுழிப் பக்கத்தில் இருப்பவர்கள் அருப்புக்கோட்டை அரசு மருத்துவமனையில் காட்டி, அங்கிருந்து மதுரை ராஜாஜி மருத்துவமனைக்கு எழுதி வாங்கிப் போகலாம்.

எந்தக் கட்டியை எங்கே எடுத்தாலும், அந்தச் சதையைப் பயாப்சிக்கு அனுப்பினார்களா என்று கேளுங்கள். ரிப்போர்ட் வந்ததும் மறக்காமல் கையில் வாங்கிக்கொள்ளுங்கள்.