செவிக்கு ஓர் ஆசான்

பல்லாண்டுகளுக்கு முன்னர், பாடற்குழுவில் நின்ற சிறுவன் ஒருவனைச் “சுருதியுணர்வு இல்லாதவன்” எனக் கூறி விலக்கினேன். சட்சத்துக்கும் பஞ்சமத்துக்கும் இடையே ஏழு அரைச்சுரங்கள் உள என அவன் பிழையின்றி ஒப்புவிப்பான். அவ்விரு சுரங்களையும் மீட்டி ‘இவை யாவை?’ என வினவினால் வாளாவிருப்பான். குறை அவன் செவியிலன்று, செவிக்குப் பயிற்சி அளியாத எம்மிடத்திலேயே இருந்தது என்பதை இன்று உணர்கின்றேன்.

குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என ஏழிசைக்கும் பெயரிட்ட நம் முன்னோர், அவற்றிடையேயுள்ள உறவினை இணை, கிளை, பகை, நட்பு என வகுத்தனர். இவ்வுறவுகளைக் கேட்டுணர்தற்கு ஒரே சுரத்தினைப் பன்முறை ஒலித்துக்காட்டும் பொறுமையுடைய ஆசான் ஒருவர் வேண்டும். அத்தகையார் வாய்க்கப்பெறாத மாணாக்கர்க்குக் கைகொடுப்பது ‘குனு சொல்ஃபேஜ்’ என்னும் கணனி மென்பொருள்.

இதனை ஆக்கியவர் நோர்வே நாட்டினரான தொம் காட்டோ அமுண்ட்சன். பதினோராம் நூற்றாண்டிலே குவிதோ என்னும் இத்தாலியத் துறவி சுரங்களுக்கு இட்ட அசைப்பெயர்களின் வழிவந்ததே ‘சொல்ஃபேஜ்’ என்னுஞ் சொல். 1983 ஆம் ஆண்டில் றிச்சர்ட் ஸ்டோல்மன் அறிவித்த ‘குனு’ இயக்கத்தைச் சார்ந்ததாதலின், இதனை விலையின்றிப் பெறலாம், ஆராயலாம், திருத்தலாம், பிறர்க்கும் வழங்கலாம்.

லினக்ஸ் கணனியாயின், அதன் மென்பொருட் களஞ்சியத்திற் பெயரைத் தேடி, உளதாயின் அங்கிருந்தே நிறுவிக்கொள்ளலாம். விண்டோசுக்கெனவும் நிறுவற்கோப்பு ஆக்கப்பட்டுள்ளது. எம் பாடசாலையில் இதனை நிறுவிய முதல்நாள், வினா திரையில் தோன்றிற்று, ஒலி எழவில்லை. கணனி பழுதுற்றதென மாணாக்கர் கருதினர். பிழை எம்முடையதே. இம்மென்பொருள் கையாளும் ‘மிடி’க் கோப்பில், எந்தச் சுரத்தை எவ்வளவு நேரம் ஒலிக்கவேண்டும் என்னுங் கட்டளை மாத்திரமே உண்டு, ஒலி இல்லை. தமிழில் வறுமையைக் குறிக்கும் அப்பெயர் அதற்குப் பொருத்தமேயாம்! ஆதலின் ‘திமிடிட்டி’ அல்லது ‘புளூயிட்சிந்த்’ போன்ற ஒலியாக்கியும், அதற்குரிய கருவியொலிக் கோப்பும் வேண்டும். இவற்றை நிறுவியபின், விருப்பத்தெரிவுகளில் ஒலியமைப்புப் பகுதியைத் திறந்து, அவ்வொலியாக்கியைத் தெரிவுசெய்து, சோதனை ஒலியைக் கேட்டுப்பார்த்தல் வேண்டும். விண்டோசில் ஒலியாக்கி இயல்பாகவே அமைந்துள்ளமையால் இத்தொல்லை குறைவு.

அடுத்துப் பயிற்சியின் எல்லையை வரையறுத்தல் வேண்டும். பன்னிரு சுரத்தானங்களையும் ஒருங்கே தெரிவுசெய்தால் தொடக்கநிலை மாணாக்கன் மனஞ்சோர்வான். முதலில் பஞ்சமம், மேற்சட்சம் என்னும் இரண்டினையும், அவை கைவந்தபின் சுத்த மத்திமத்தையும், அதன்பின் அந்தர காந்தாரத்தையும் சேர்த்தல் நன்று. நாடோறும் பத்து நிமிடம் போதும். பாடக்கோப்புகள் வெறும் எழுத்துக்கோப்புகளே. ஆதலின் ஆசிரியர் மாயாமாளவகௌளையின் சுரங்களைக் கொண்டு புதிய பாடங்களையும் தாமே இயற்றலாம்.

எனினும் ஓர் எச்சரிக்கை. மேலைநாட்டுச் சமப்பகுப்பு முறையிலே ஒரு தானம் 1200 சென்ற் ஆகவும், ஒவ்வோர் அரைச்சுரமும் 100 சென்ற் ஆகவும் பகுக்கப்படும். கணனியின் பஞ்சமம் 700. இயற்கைப் பஞ்சமம் ஏறக்குறைய 702. இவ்வேற்றுமை சிறிது. அந்தர காந்தாரமோ கணனியில் 400. 5/4 என்னும் விகிதத்திற் பிறக்கும் இயற்கைச் சுரம் ஏறக்குறைய 386. இவ்வேற்றுமையைப் பயின்ற செவி உணரும். காரைதீவிற் பிறந்த விபுலாநந்த அடிகள் 1947 இல் வெளிவந்த தம் ‘யாழ் நூலில்’ சுருதிகளைக் கணக்கிட்டு ஆராய்ந்தமை ஈண்டு நினைக்கத்தக்கது. கமகத்தைக் கற்பித்தலும் இக்கருவிக்கு இயலாது. ஆகவே, கணனியிற் சுரங்களைப் பெயரறிந்து பழகிய மாணாக்கன், தம்புராவின்முன் அமர்ந்தே சுருதியைச் செம்மைசெய்தல் வேண்டும்.

ஆயிரமுறை வினவினும் சினவாத ஆசான் அக்கணனி. யான் ஒருமுறை சினந்தேன். ஒரு சிறுவன் பாடுவதை விட்டான். இன்று பிழைபட இசைக்கும் பிள்ளையைக் காணும்போது விலக்கென்னும் சொல் என் வாயில் எழுவதில்லை. முதலிற் கேட்கச் சொல்கின்றேன்.