கரும்பு இனித்த கடற்கரை: திருவொற்றியூரில் ஒரு கால மந்திரவாதி

(ஒலிபரப்பான எபிசோடின் திருத்திய எழுத்து வடிவம்)

இந்த வாரம் ஒரு நண்பர் கேட்ட கேள்வியிலிருந்து தொடங்கலாம். அவர் டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாடுறவர். புதுசா ஒரு கேரக்டர் உருவாக்கணுமாம். மரம் செடியோட உறவாடுற ட்ரூயிட் பாதி, நேரத்தை வளைக்கிற மந்திரவாதி பாதி. "நம்ம ஊர்க் கதையில அப்படி யாராவது இருக்காங்களா?"ன்னு கேட்டார்.

இருக்கார். மெட்ரோவில் திருவொற்றியூர் தேரடியில இறங்கி, கடல் இருக்கிற பக்கம் போங்க. எண்ணூர் விரைவுச் சாலையில கன்டெய்னர் லாரிகள் வரிசை கட்டி நிற்கும். அந்தக் கடலோரத்துலதான் பட்டினத்தார் சமாதிக் கோயில் இருக்கு.

யார் இந்தப் பட்டினத்தார்?

கதைப்படி, காவிரிப்பூம்பட்டினத்துல கடல் வாணிகம் செய்த பெரும் செல்வர். இயற்பெயர் திருவெண்காடர். வளர்ப்பு மகன் மருதவாணன் ஒரு பெட்டியை விட்டுட்டு மறைஞ்சு போறான். திறந்தா உள்ளே காது இல்லாத ஒரு ஊசியும் ஓர் ஓலையும். சாகும்போது அந்த உடைஞ்ச ஊசிகூடக் கூட வராதுங்கிறதுதான் செய்தி. அன்னைக்கே எல்லாத்தையும் விட்டுட்டு, கோவணத்தோட கிளம்பிடறார்.

ஒரு விஷயத்தை இங்கேயே சொல்லிடணும். பட்டினத்தார் ஒருவர் இல்லைன்னு ஆய்வாளர்கள் சொல்றாங்க. பதினோராம் திருமுறையில 5 நூல்கள் பாடிய பட்டினத்துப் பிள்ளையார் ஒருவர். அந்த ஐந்துல ஒன்று திருவொற்றியூர் மேலேயே பாடினது. நிலையாமை பாடின சித்தர், மொழிநடையை வெச்சுப் பார்த்தா, அவருக்குப் பல நூற்றாண்டு பிந்தியவர். மக்கள் இருவரையும் ஒரே வாழ்க்கையா இணைச்சுட்டாங்க. 1962ல டி.எம். சௌந்தரராஜன் நடிச்ச படத்துல வர்றதும் அந்த இணைஞ்ச கதைதான். நாம பேசப்போறதும் அதைத்தான்.

மூன்று தாவரங்கள்

முதல்ல வாழை. துறவியா ஊர் ஊரா அலைஞ்சாலும், அம்மா இறந்தா வந்து கொள்ளி வைப்பேன்னு வாக்குக் கொடுத்திருந்தார். வந்தார். அடுக்கியிருந்த காய்ஞ்ச விறகை எடுத்துப் போட்டுட்டு, பச்சை வாழை மட்டையை அடுக்கிப் பாடினார். தீ பிடிச்சது. வாழைத்தண்டை வெட்டினவங்களுக்குத் தெரியும், முக்கால்வாசிக்கும் மேல தண்ணிதான். அது காய்ஞ்சு எரியணும்னா நாள்கணக்கு ஆகும். அந்த நாள்களை ஒரு பாட்டுக்குள்ள சுருக்கிட்டார். கேம் பாஷையில சொன்னா, ஃபாஸ்ட் ஃபார்வர்ட்.

அடுத்தது கழுமரம். உஜ்ஜயினியில திருட்டுப் பழி விழுந்து, பத்திரகிரி ராஜா இவரைக் கழுவேற்றச் சொல்றார். இவர் பாடினதும் கழுமரமே எரிஞ்சு போகுது. ராஜா அரசை விட்டுட்டு இவருக்குச் சீடராகிடறார்.

மூணாவது கரும்பு. சீடனுக்கு முன்னாடியே முக்தி கிடைச்சிடுது. குரு மட்டும் காத்திருக்கார். "எனக்கு எப்போ?"ன்னு சிவனைக் கேட்டா, கையில ஒரு பேய்க்கரும்பு கிடைக்குது. அதன் நுனி எங்கே இனிக்குதோ அங்கேதான் முடிவு. ஊர் ஊரா நடக்கிறார், கடிச்சுப் பார்க்கிறார். திருவொற்றியூர்ல இனிச்சது. கடற்கரையில பசங்களோட விளையாடி, தன்னைக் கவிழ்த்து மூடச் சொன்னார். திறந்து பார்த்தப்போ லிங்கமா இருந்தாராம்.

கரும்பு ஏன் கடிகாரம்?

இதுல ஒரு நுட்பம் இருக்கு. கரும்புல சர்க்கரை அடியிலிருந்து மேல்நோக்கித்தான் சேரும். அடிக்கரும்பு முதல்ல இனிக்கும், நுனி கடைசியா. அடிக்கும் நுனிக்கும் இனிப்பு வித்தியாசம் குறைஞ்சா வெட்டலாம்னு அர்த்தம். 'நுனி இனிக்கும்போது வா' என்றால், 'முழுசா முத்தின பிறகு வா' என்றுதான் பொருள். கதை கட்டினவங்களுக்கு வயல் தெரிஞ்சிருக்கு.

பேய்க்கரும்புங்கிறது நாணல் வகைக்கு வழங்குற பேர். வேடிக்கை என்னன்னா, அந்தக் காட்டு நாணல் நிஜமாவே இனிப்போட சேர்ந்த கதையும் தமிழ்நாட்டுல நடந்திருக்கு. கோயம்புத்தூர் கரும்பு இனப்பெருக்க நிலையம் 1912ல தொடங்கினது. அங்கே நல்ல கரும்பையும் காட்டு நாணலையும் கலந்து உருவாக்கின கோ 205 ரகம் 1918ல வெளிவந்தது. அதுக்கு எந்தச் சித்தரும் தேவைப்படல. பார்பர், வெங்கட்ராமன்னு ரெண்டு விஞ்ஞானிகளும், நிறைய பொறுமையும் போதுமா இருந்தது.

இந்த மந்திரத்தின் விலை

நல்ல ஃபேன்டஸியில, மந்திரவாதியால எது முடியாதுங்கிறதுதான் முக்கியம். பட்டினத்தாரால பச்சை மட்டையை எரிய வைக்க முடிஞ்சது. அம்மாவை ஒரு நாள் கூடுதலா இருக்க வைக்க முடியல. தன் மேல விழுந்த பழியைத் தாண்ட முடிஞ்சது. தன் சாவை ஒத்திப்போட அவர் கேட்கவே இல்லை, இடத்தை மட்டும் தெரிஞ்சுக்கிட்டார். நேரத்தை வேகமா ஓட்டலாம், பின்னால திருப்ப முடியாது. அதனாலதான் அம்மாவுக்காக அவர் பாடினதா சொல்ற பாடல்களை இன்னைக்கும் சாவு வீட்டுல பாடுறாங்க.

அதே ஊர் தியாகராஜர் கோயில்ல இன்னொரு மரம், மகிழ மரம். உன்னைப் பிரிய மாட்டேன்னு சங்கிலியாருக்குச் சுந்தரர் சத்தியம் செய்தது அதன் அடியில. வசந்தம் வந்தது, திருவாரூர் ஞாபகம் வந்தது, ஊர் எல்லையைத் தாண்டினார், கண் போச்சு. மனுஷன் மறந்தாலும் மரம் மறக்கலங்கிறது பெரியபுராணக் கதை. மாசித் திருவிழாவுல மகிழடி சேவையா அதை ஆண்டுதோறும் நினைவுபடுத்துறாங்க.

கடைசியா ஒண்ணு. இந்தக் கரையில கடலும் ஒரு கடிகாரம்தான். 19ஆம் நூற்றாண்டுல துறைமுகம் கட்டினதிலிருந்து, தெற்கேயிருந்து வர்ற மணல் அங்கேயே தடைபடுது. மெரினா அகலமாச்சு, ராயபுரத்துக்கு வடக்கே கரை அரிச்சது. இப்போ மணலுக்குப் பதிலா பாறாங்கல் குவியல். பசங்க விளையாடின கதையில வர்ற மணல்வெளியை நீங்க கற்பனையிலதான் பார்க்கணும்.

நண்பா, உங்க கேரக்டர் கிடைச்சாச்சு. ஆயுதம் ஒரு கரும்பு, அதுவும் நுனி மட்டும். அடுத்த எபிசோடில் பார்ப்போம்.