காலேஜுக்குப் போனால் ஆட்டம் முடிஞ்சுதா? சோம்தேவ் தேவ்வர்மன் போன அமெரிக்க ரூட் சொல்வது என்ன?

"பத்தாவது வந்தாச்சு, விளையாண்டது போதும். படிக்கிற வழியைப் பாரு." பாரிவாக்கம், பூந்தமல்லி, ஆவடி என எந்தப் பக்கம் போனாலும் விளையாட்டுப் பிள்ளைகள் இருக்கும் வீட்டில் ஒருமுறையாவது இந்த வசனம் கேட்கும். படிப்பா, விளையாட்டா? ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்கணும் என்பது நம்ம ஊர் கணக்கு.

அமெரிக்காவில் கணக்கே வேற. அங்கே அமெரிக்கன் ஃபுட்பாலில் 'குவார்ட்டர்பேக்' என்று ஒருவர் இருப்பார். பந்தை யாருக்கு, எப்போது எறிவது என்று களத்தில் முடிவெடுப்பவர், அணியின் மூளை மாதிரி. அவர் எவ்வளவு பெரிய திறமைசாலியாக இருந்தாலும், பள்ளி முடித்து 3 வருஷம் ஆகாமல் என்எஃப்எல் என்ற தொழில்முறை லீக் எடுத்துக்கொள்ளாது. அதனால் கல்லூரி அணிதான் கதவு. 7 சூப்பர் பவுல் ஜெயித்த டாம் பிரேடிகூட மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்காக ஆடிவிட்டு, 2000-ம் ஆண்டு தேர்வில் 199-வது ஆளாகத்தான் எடுக்கப்பட்டார்.

சரி, நம்ம பக்கம் இருந்து யாராவது இந்த ரூட்டில் போயிருக்காங்களா? போயிருக்காங்க. ஆனால் ஃபுட்பாலில் இல்லை, டென்னிஸில்.

19 வயதில் ஒரு ரிஸ்க்

சோம்தேவ் தேவ்வர்மன் பிறந்தது அசாமில். ஆனால் டென்னிஸில் வளர்ந்தது சென்னையில். சேத்துப்பட்டு எம்சிசி பள்ளியில் படித்தவர். 2004-ல், 19 வயதில், அமெரிக்காவின் வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார்.

இது ஏன் ரிஸ்க்? டென்னிஸில் என்எஃப்எல் மாதிரி எந்த வயசுத் தடையும் இந்த வயதில் கிடையாது. பெரிய வீரர்கள் பலர் 16, 17 வயதிலேயே தொழில்முறைக்கு வந்துவிடுவார்கள். கல்லூரி டென்னிஸுக்குப் போகிறவர்களை 'சர்க்யூட்டில் தாக்குப்பிடிக்க முடியாதவங்க' என்று பார்க்கிற பழக்கம் அப்போது இருந்தது. போதாததற்கு, அப்போது கல்லூரி வீரர் அமெச்சூராக இருக்க வேண்டியிருந்தது. வெளிப் போட்டியில் ஜெயித்தாலும் செலவுக்கு மேல் பரிசுப் பணத்தை வைத்துக்கொள்ள முடியாமல் இருந்தது.

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. 2006-ல் என்சிஏஏ ஒற்றையர் இறுதிப்போட்டி வரை போய்த் தோற்றார். 2007-ல் மறுபடியும் இறுதிப்போட்டி. எதிரே ஜார்ஜியா பல்கலைக்கழகத்தின் ஜான் இஸ்னர், ஆறடிக்கும் மேலே பல அங்குலம், இடி மாதிரி சர்வீஸ். ஆட்டம் நடந்ததும் இஸ்னரின் சொந்த மைதானத்தில், மொத்தக் கூட்டமும் அவர் பக்கம். 7-6, 4-6, 7-6 என்று சோம்தேவ் ஜெயித்தார். கடைசி செட் டைபிரேக் வரை போன மேட்ச் அது. (2010 விம்பிள்டனில் 11 மணி நேரத்துக்கு மேல் நடந்த மேட்ச்சை ஜெயித்தாரே, அதே இஸ்னர்தான்!)

2008-ல் மறுபடியும் சாம்பியன். அந்த சீசனில் 44 வெற்றி, ஒரே ஒரு தோல்வி. கையில் சமூகவியல் பட்டம்.

நுங்கம்பாக்கம் பார்த்த ஜனவரி

2009 சென்னை ஓபன். தரவரிசையில் 200-க்கு வெளியே இருந்த சோம்தேவுக்கு வைல்டு கார்டு கொடுத்தார்கள். முதல் சுற்றோடு கிளம்பிவிடுவார் என்று நினைத்தவர்கள்தான் அதிகம். அவரோ முன்னாள் நம்பர் 1, இதே சென்னையில் இரண்டு முறை பட்டம் வென்ற கார்லோஸ் மோயாவை வீழ்த்தினார். அடுத்து இவோ கார்லோவிச். அரையிறுதியில் எதிராளி காயத்தால் விலக, நேராக இறுதிப்போட்டி. அங்கே மரின் சிலிச்சிடம் 4-6, 6-7 என்று தோற்றார்.

இந்த ஸ்கோரைவிட கவனிக்க வேண்டியது இரண்டு பேரின் வயசு. சோம்தேவுக்கு 23, தொழில்முறையில் முதல் வருஷம்கூட முடியவில்லை. சிலிச்சுக்கு 20, ஆனால் அதற்குள் 3 வருஷத்துக்கும் மேல் சர்க்யூட் அனுபவம். கல்லூரி ரூட்டின் விலை இதுதான். பிறகு சிலிச் 2014-ல் யுஎஸ் ஓபனையே ஜெயித்தார்.

அடுத்த இரண்டரை வருஷம் சோம்தேவின் காலம். 2010-ல் டெல்லி காமன்வெல்த்தில் தங்கம், குவாங்சோ ஆசிய விளையாட்டில் ஒற்றையர், இரட்டையர் இரண்டிலும் தங்கம். இரட்டையரில் ஜோடி சேர்ந்த சனம் சிங்கும் வர்ஜீனியா மாணவர்தான். அதே வருஷம் நுங்கம்பாக்கத்தில் பிரேசிலுக்கு எதிரான டேவிஸ் கோப்பையில் 0-2 என்று பின்தங்கிய இந்தியா 3-2 என்று ஜெயித்தபோது, நான்காவது ஆட்டத்தை வென்று அணியை உயிரோடு வைத்தவர் அவர். 2011 ஜூலையில் உலகத் தரவரிசை 62. அதுதான் உச்சம்.

பிறகு தோள்பட்டை காயம். 2012-ல் பெரும்பகுதி ஆடவே இல்லை, தரவரிசை எங்கேயோ போய்விட்டது. திரும்பி வந்து 2013 பிரெஞ்சு ஓபனில் ஃபெடரர் வரை போனாலும் பழைய இடம் கிடைக்கவில்லை. 2017 ஜனவரி 1 அன்று, 31 வயதில் ஓய்வு. 19 வயதிலேயே தொழில்முறைக்கு வந்திருந்தால் கூடுதலாக 4 வருஷம் கிடைத்திருக்கும். ஆனால் இஸ்னரை டைபிரேக்கில் ஜெயிக்கிற அந்த மனசும் உடம்பும் அந்த 4 வருஷத்தில்தானே உருவானது?

ஸ்காலர்ஷிப் நிஜமாவே கிடைக்குமா?

கிடைக்கும், ஆனா ஒரு சிக்கல் இருக்கு. சோம்தேவ் காலத்தில் முதல் டிவிஷனில் ஆண்கள் டென்னிஸ் அணிக்கு மொத்தமே 4.5 ஸ்காலர்ஷிப்தான். அதை வீரர்கள் பங்கு போட்டுக்கொள்ளணும். பெண்கள் அணிக்கு 8. காரணம், மறுபடியும் நம்ம குவார்ட்டர்பேக்தான்! மேல்மட்ட ஃபுட்பால் அணி ஒன்றே 85 ஸ்காலர்ஷிப்பை எடுத்துக்கொள்ளும். 1972-ல் வந்த 'டைட்டில் 9' சட்டப்படி ஆண்-பெண் வாய்ப்பு சமமாக இருக்கணும் என்பதால், ஆண்களின் மற்ற விளையாட்டுகளில் கை வைத்தார்கள். விளையாடுகிற மகள் இருக்கும் பெற்றோர் இந்தக் கணக்கைக் கவனிக்கலாம். 2025-ல் இருந்து இந்த விதி மாறி, அணியில் எத்தனை பேர் என்பதற்குத்தான் வரம்பு. பணம் ஒவ்வொரு கல்லூரியின் விருப்பம்.

இந்த ரூட்டில் இப்போது ஒரு மதுரைக்காரர் இருக்கிறார். வேக் ஃபாரஸ்ட் பல்கலைக்கழகத்துக்காக ஆடிய தக்ஷினேஸ்வர் சுரேஷ். அவர் அணி 2025-ல் என்சிஏஏ பட்டம் வென்றது. அதே ஆண்டு செப்டம்பரில், டேவிஸ் கோப்பையில் தன் முதல் ஆட்டத்திலேயே சுவிட்சர்லாந்தின் ஜெரோம் கிம்மை நேர் செட்களில் வீழ்த்தினார். அந்தத் தொடரை இந்தியா 3-1 என்று ஜெயித்தது.