சிரிக்க மறுத்த மலாக்கா அரசி

மலாக்காவுக்குப் பள்ளிச் சுற்றுலா வராத மாணவர்கள் நம் நாட்டில் குறைவு. சிவப்புக் கட்டடம், ஆ ஃபமோசா கோட்டை வாசல், செயிண்ட் பால் குன்று, பிறகு ஒரு கிண்ணம் செண்டோல். அதற்குள் பேருந்து புறப்படும் நேரம் வந்துவிடும். குன்றின் அடிவாரத்தில் மரத்தால் கட்டிய சுல்தான் அரண்மனை அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே ஹங் துவாவும் ஹங் ஜெபாட்டும் மோதும் காட்சிக்கு முன்னால்தான் எல்லாரும் படம் எடுத்துக்கொள்வார்கள். மலாக்காவின் கடைசிச் சுல்தான் மஹ்முட் ஷாவை மணந்த துன் பாத்திமாவைப் பற்றி விசாரிப்பவர்கள் அதிகம் இல்லை. அவருடைய கொள்ளுத்தாத்தா நம் திசையிலிருந்து கப்பலேறி வந்தவர் என்பதும் பலருக்குத் தெரியாது.

அந்தக் கொள்ளுத்தாத்தாவின் பெயர் மணி புரிந்தன். ‘பெனுவா கெலிங்’ நாட்டிலிருந்து வந்தவர் என்று ‘செஜாரா மெலாயு’ சொல்கிறது. ‘கெலிங்’ என்ற சொல்லை இன்று நம்மை இழிவுபடுத்தவே பயன்படுத்துகிறார்கள். அக்கால மலாக்காவிலோ அது பெரும்பாலும் சோழமண்டலக் கரையிலிருந்து துணி கொண்டுவந்த கடல் வணிகரைக் குறித்தது. 1748இல் எழுந்த கம்போங் கெலிங் பள்ளிவாசலின் பெயரில் அந்தப் பழைய பொருள் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பாத்திமாவின் குடும்பம் தமிழ் முஸ்லிம் வழி வந்தது என்று வரலாற்றாசிரியர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள்.

மணி புரிந்தன் மலாக்காவில் பெரிய இடத்துப் பெண்ணை மணந்தார். மகள் துன் வாத்தி சுல்தான் முகமது ஷாவின் மனைவியானார். மகன் துன் அலி, அக்காள் தங்கை உறவின் பலத்தில் ஒதுங்கிவிடாமல், அரசியலுக்குள்ளேயே இறங்கினார். துன் வாத்தியின் பிள்ளை ராஜா காசிமை ஒதுக்கிவிட்டு, ரோக்கான் இளவரசியின் மகனை அரியணையில் ஏற்றியபோது, மருமகனுக்காக ஆள் திரட்டி அரண்மனைக்குள் புகுந்தவர் இந்தத் துன் அலிதான். ராஜா காசிம் சுல்தான் முசாபர் ஷா ஆனார். தாய்மாமன் சும்மா இருப்பாரா என்று நம் வீடுகளில் சொல்வார்களே, அதன் மலாக்கா உதாரணம் இது.

துன் அலியின் பிள்ளைகள் துன் தாஹிர், துன் முத்தாஹிர், துன் செனாஜா. செனாஜா சுல்தான் அலாவுடின் ரியாட் ஷாவை மணந்து மஹ்முட் ஷாவைப் பெற்றார். முத்தாஹிர் 1500ஆம் ஆண்டு வாக்கில் பெண்டஹாரா ஆனார். சுல்தானுக்கு அடுத்த பதவி அது. முத்தாஹிரின் மகள் துன் பாத்திமா. இந்த உறவுமுறையை ஒரு தாளில் வரைந்து பாருங்கள். சுல்தான் மஹ்முட் ஷாவுக்கு முத்தாஹிர் சொந்தத் தாய்மாமன், பாத்திமா மாமன் மகள். நம் வழக்கத்தில் சொன்னால் முறைப்பெண்.

ஆனால் முத்தாஹிர் மகளைத் தம் அண்ணன் துன் தாஹிரின் மகனுக்குக் கட்டிவைத்தார். திருமணத்துக்கு வந்த சுல்தான் பெண்ணைப் பார்த்துவிட்டு, இவளை ஏன் மாமா எனக்குக் காட்டவே இல்லை என்று மனத்துக்குள் குமைந்தார் என்கிறது செஜாரா மெலாயு. முத்தாஹிரும் அடக்கமான மனிதர் அல்லர். ஆள் உயரக் கண்ணாடி முன் நின்று, இந்த உடைக்கு எந்தத் தலைப்பாகை பொருந்தும் என்று மனைவியிடம் கேட்பவராக அதே நூல் அவரைக் காட்டுகிறது. துறைமுகத்துச் செல்வமெல்லாம் அவர் வீட்டு வாசல் வழியாகத்தான் போனது. இப்படிப்பட்டவருக்கு எதிரிகள் தாமாகவே உண்டாகிவிடுவார்கள்.

அடுத்து நடந்தது ஒரு தமிழ்ச் சண்டை. ராஜா முதலியார் மலாக்காவின் சபண்டார், அதாவது துறைமுக அதிகாரி. நைனா சூர தேவானா வணிகர்களின் தலைவர். முதல் பெயரில் முதலியாரும் இரண்டாவதில் நைனாவும் நம் காதுக்கு உடனே பிடிபடும். இருவருக்கும் வழக்கு வந்தது. இருட்டிவிட்டது, நாளை வாருங்கள் என்று பெண்டஹாரா அனுப்பிவிட்டார். அன்றிரவே சூர தேவானா பத்துக் கட்டி தங்கத்தோடு பெண்டஹாராவின் வீட்டுக்குப் போனார். அவருடைய உறவினர் கித்துல் என்பவர், முதலியாரிடம் ஒரு கட்டி தங்கம் கடன்பட்டிருந்தார். நள்ளிரவில் ஓடிப் போய் முதலியாரிடம் செய்தியைச் சொன்னார். போதாததற்கு, பெண்டஹாரா உங்களைக் கொல்லப் பார்க்கிறார் என்றும் சேர்த்துவிட்டார். அவருடைய கடன் தீர்ந்தது. முதலியார் பயந்து போய்த் தங்கமும் மணிகளும் எடுத்துக்கொண்டு லக்சமணா கோஜா ஹசானிடம் ஓடினார். பெண்டஹாரா அரியணையைக் கைப்பற்றப் போகிறார் என்று லக்சமணா சுல்தானின் காதில் ஊதினார். சுல்தான் எதையும் விசாரிக்கவில்லை. மனத்தில் ஏற்கெனவே பழைய கோபம் இருந்ததே.

1510இல் கொலை நடந்தது. எதிர்த்து நிற்கப் போதுமான ஆட்கள் முத்தாஹிரிடம் இருந்தார்கள். சுல்தானுக்குத் துரோகம் செய்வது மலாய் மரபல்ல என்று அவர்களை அவரே தடுத்தார். முத்தாஹிர், துன் தாஹிர், பாத்திமாவின் சகோதரர் துன் ஹசான் தெமெங்கோங், பாத்திமாவின் கணவர் எல்லாரும் வெட்டப்பட்டார்கள். பாத்திமா அரண்மனைக்குக் கொண்டுபோகப்பட்டு அரசியாக்கப்பட்டார்.

பிறகு உண்மை வெளிவந்தது. முதலியாரும் அவர் குடும்பமும், கித்துலும் கொல்லப்பட்டனர். கோஜா ஹசானின் சொத்துகள் பறிபோயின. சுல்தான் வருந்தி, மகன் அகமதுவிடம் ஆட்சியை ஒப்படைத்தார். ஆனால் கொல்லப்பட்டவர்கள் யாரும் பாத்திமாவின் வீட்டுக்குத் திரும்பி வரவில்லை.

1962இல் ‘துன் பாத்திமா’ என்ற மலாய்த் திரைப்படம் வந்தது. மரியா மெனாடோ நடித்தார். போர்த்துகீசியரை எதிர்க்கும் வீராங்கனை பாத்திமாவை அது போன்ற படைப்புகளில்தான் பலர் சந்தித்திருப்பார்கள். எனக்கு அந்தப் பாத்திமாமேல் கோபம் இல்லை. ஆனால் செஜாரா மெலாயு காட்டும் பாத்திமாவின் கையில் வாள் இல்லை. அவர் செய்தது வேறு: சிரிப்பதை நிறுத்திவிட்டார். சுல்தானுடன் வாழ்ந்த காலத்தில் அவர் ஒருமுறைகூடப் புன்னகைக்கவில்லை என்கிறது நூல். கருவுற்ற போதெல்லாம் கருவைக் கலைத்துவிட்டார். ஏன் என்று சுல்தான் கேட்டபோது, ஆட்சி செய்ய உங்களுக்குத்தான் மகன் இருக்கிறாரே, என் பிள்ளை எதற்கு என்ற பொருளில் பதில் சொன்னார். உனக்கு ஆண் குழந்தை பிறந்தால் அவனே அரசன் என்று சுல்தான் வாக்குக் கொடுத்தார். அதன் பிறகுதான் பாத்திமா பிள்ளை பெற்றார்.

தகப்பனையும் கணவனையும் கொன்றவனின் அரண்மனையில், படையோ பணமோ உறவோ இல்லாத ஒரு பெண்ணிடம் பேரம் பேச என்ன இருந்திருக்கும்? தன் உடலும் தன் முகமும்தான். அவை இரண்டையும் வைத்தே அவர் ஓர் அரியணைக்கு விலை பேசினார். இதைவிட அந்த வாள்காட்சி எனக்குச் சின்னதாகத் தெரிகிறது.

1511 ஆகஸ்டில் அல்புகெர்க்கே மலாக்காவைப் பிடித்தார். பெண்டஹாரா பதவியைப் போர்த்துகீசியர் நைனா சட்டு என்ற தமிழ் இந்து வணிகருக்குக் கொடுத்தனர். 1509இலிருந்து சிறையில் கிடந்த போர்த்துகீசியருக்கு அவர் உதவியிருந்தார். 1514இல் பதவி பறிக்கப்பட்டதும் அவர் தீமூட்டி அதில் இறங்கி உயிரை விட்டார் என்று அவர்களுடைய வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். பாத்திமாவின் தந்தை வகித்த பதவியின் பெயர் அடுத்து ஒட்டியது இன்னொரு தமிழர்மேல்.

சுல்தானும் பாத்திமாவும் ஓடிக்கொண்டே இருந்தார்கள். மூவார், பகாங், பிந்தான் தீவு. வழியில், மூத்த பிரபுக்களை மதிக்கவில்லை என்று தம் மகன் அகமதுவையே மஹ்முட் ஷா கொல்லச் செய்தார். இன்னொரு மனைவியின் மகன் முசாபர் வாரிசானார். பிறகு பாத்திமாவுக்கு ராஜா அலி பிறந்தார். வாக்கு நிறைவேறியது, குழந்தையாக இருக்கும்போதே முசாபருக்கு முன்னால் அவர் வைக்கப்பட்டார். 1526இல் பிந்தானையும் போர்த்துகீசியர் அழித்தனர். கம்பாருக்குத் தப்பினார்கள். இது பேராக்கில் இருக்கும் கம்பார் அல்ல, சுமத்ராவில் உள்ளது. 1528இல் மஹ்முட் ஷா அங்கே இறந்தார். ராஜா அலி, சுல்தான் அலாவுடின் ரியாட் ஷா என்ற பெயரில் ஜொகூரின் முதல் சுல்தானானார். ஒதுக்கப்பட்ட முசாபர் பேராக்குக்குப் போய் அந்த மாநிலத்தின் முதல் சுல்தானானார். ஆக, அந்தப் பேரத்தின் நிழல் இரண்டு மாநிலங்களின் தொடக்கத்தில் விழுந்திருக்கிறது. ஜொகூர் பாருவில் பெண்கள் படிக்கும் உண்டு உறைவிடப் பள்ளி ஒன்றுக்குத் துன் பாத்திமாவின் பெயர் வைத்திருப்பது பொருத்தம்தான்.

அரண்மனைக்கு மருமகளாகப் போய் எல்லாவற்றையும் இழந்த அரசிகள் பல நாடுகளில் உண்டு. டென்மார்க் இளவரசி டாக்மார் ரஷ்ய இளவரசர் நிக்கோலாஸுக்கு நிச்சயிக்கப்பட்டவர். 1865இல் அவர் இறந்துபோக, அடுத்த ஆண்டு அவருடைய தம்பி அலெக்சாண்டரை மணந்தார். மதமும் பெயரும் மாறி மரியா ஃபியோடரோவ்னா ஆனார், 1881இல் பேரரசியானார். 1918இல் புரட்சியாளர்கள் அவருடைய மகன்கள் இருவரைக் கொன்றனர், பேரப்பிள்ளைகளும் தப்பவில்லை. மறு ஆண்டு பிரிட்டிஷ் போர்க்கப்பலில் ஏறி நாட்டைவிட்டு வெளியேறினார். மகன்கள் இறந்ததை அவர் வெளிப்படையாக ஏற்றுக்கொள்ளவே இல்லை. 1928இல் டென்மார்க்கில் காலமானார். அவர் எழுதிய கடிதங்களும் நாட்குறிப்பும் இருப்பதால் அவர் மனத்தை அவர் சொல்லிலேயே படிக்க முடிகிறது.

பாத்திமா எழுதிய ஒரு வரிகூட நம்மிடம் இல்லை. நமக்குக் கிடைப்பது செஜாரா மெலாயு. அதை எழுதியவர் யார் என்பதை மறக்கக் கூடாது. 1612ஐச் சேர்ந்த அந்த நூல் துன் ஶ்ரீ லானாங்கின் பெயரில் வழங்குகிறது. அவர் ஜொகூரின் பெண்டஹாரா. முன்னுரையில் தம் தலைமுறைகளை அடுக்கிக்கொண்டே போய் முத்தாஹிர், துன் அலி, மணி புரிந்தன் என்று முடிக்கிறார். அதாவது, கொலையுண்டவரின் குடும்பமே எழுதிய கொலைக்கதை இது. முத்தாஹிர் உண்மையிலேயே குற்றமற்றவரா என்று கேட்க நமக்கு உரிமை இருக்கிறது. கொலை நடந்ததைப் போர்த்துகீசியரும் எழுதியிருக்கிறார்கள். ஆனால் பெண்டஹாரா அரியணைக்கு ஆசைப்பட்டதாகவே அவர்கள் பக்கம் பேச்சு இருக்கிறது.

மலாக்கா சுல்தான்களின் உடம்பில் தமிழ் இரத்தம் ஓடியது என்று பெருமை பேசும் பதிவுகள் அவ்வப்போது கைப்பேசிக்கு வருகின்றன. பெருமைப்படுங்கள், தவறில்லை. ஆனால் பாத்திமாவை மட்டும் எடுத்துக்கொண்டு முதலியாரையும் கித்துலையும் விட்டுவிட முடியாது. இலஞ்சம் கொடுத்தவர், காட்டிக்கொடுத்தவர், பயந்து ஓடியவர் எல்லாருமே அந்தக் கரையிலிருந்து வந்தவர்கள்தான்.

வரலாறு எடுத்துப் படிக்கும் மாணவர்களுக்கு ஒரு குறிப்பு. அ. சமாட் அகமது பதிப்பித்த ‘சுலாலாத்துஸ் சலாத்தின்’ 1979இல் வெளிவந்தது. செஜாரா மெலாயுவின் இன்னொரு பெயர் அது. மொழி சற்றுப் பழையது, படிவம் ஐந்து முடித்தவர்கள் சமாளித்துவிடலாம். படிக்கும்போது பக்கத்தில் ஒரு தாளும் பென்சிலும் இருக்கட்டும். பாத்திமாவின் தாத்தா பெயர் அலி, முதல் கணவர் பெயரும் அலி, மகன் பெயரும் அலி.