படச்சுருளின் ஓரத்தில் ஒரு குரல்

திருப்பதி பூர்ணகும்பம் சந்திப்பில் எம்.எஸ். சுப்புலட்சுமிக்கு 2006-ல் வெண்கலச் சிலை வைத்தார்கள். பாடகிக்கான சிலைதான். ஆனால் அவர் நடிகையும்கூட என்பதை மறந்துவிடக் கூடாது. 'சேவாசதனம்', 'சகுந்தலை', நாரதராக வேடமிட்ட 'சாவித்திரி', கடைசியாக 1945 தீபாவளிக்கு வந்த 'மீரா' என்று தமிழில் நான்கே படங்கள். 'மீரா'வில் ராணாவாக நடித்தவர் சித்தூர் வி. நாகையா. குண்டூர்ப் பக்கம் பிறந்து, சித்தூர் நாடக மேடையில் பேரெடுத்ததால் அந்த ஊர் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது.

அந்தப் படத்தில் மீரா பாடுகிறாரே, அந்தக் குரல் படச்சுருளில் என்னவாக இருந்தது? வெளிச்சமாக.

ஒலிநாடா நம் ஸ்டுடியோக்களுக்கு வராத காலம் அது. மைக் குரலை மின்சாரமாக்கும்; மின்சாரத்தின் ஏற்ற இறக்கம் ஒரு விளக்கொளியை ஆட்டிவைக்கும்; அந்த ஒளி ஓடுகிற ஃபிலிமில் விழுந்து பதியும். கழுவி எடுத்தால் படங்களின் ஓரமாக இரண்டரை மில்லிமீட்டர் அகலத்தில் ஒரு பட்டை. தியேட்டரில் அதன் மேல் மயிரிழையைவிட மெல்லிய ஒளிக்கீற்றைப் பாய்ச்சுவார்கள். மறுபக்கம் வரும் ஒளி கூடிக் குறைவதை ஒளிமின்கலம் மறுபடி மின்சாரமாக்க, ஒலிபெருக்கியில் பாட்டு கேட்கும். பெர்லினில் ஃபோக்ட், எங்கல், மஸோல் என்ற மூவர் 1922-லேயே இப்படிப் பேசும் படத்தைப் போட்டுக் காட்டியிருந்தார்கள்.

ஃபிலிம் நொடிக்கு 456 மில்லிமீட்டர் ஓடுகிறது. நொடிக்கு 400 அதிர்வுள்ள ஒரு ஸ்வரத்தைப் பாடினால், ஒவ்வோர் அலைக்கும் ஒரு மில்லிமீட்டருக்குச் சற்று மேல் இடம் கிடைக்கும். கமகத்தில் ஸ்வரம் அசைந்தால் அலைகள் நெருங்கும், விலகும். பூதக்கண்ணாடி இருந்தால் எம்.எஸ்ஸின் கமகத்தைக் கண்ணாலேயே பார்க்கலாம்! இதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கிறது.

இன்னொரு விந்தை. படம் தெளிவாகத் தெரிய வேண்டுமானால் ஒவ்வொரு சட்டமும் விளக்குக்கு முன் நின்று நின்று போக வேண்டும், நொடிக்கு 24 தடவை. குரலோ ஒரு கணம் நின்றாலும் கெட்டுவிடும். அதனால் குரலை வாசிக்கும் இடத்தை விளக்குக்குக் கீழே தள்ளி வைத்து, இடையில் ஃபிலிமைத் தளர்வாக வளையவிட்டார்கள். இதற்கு ஈடாக, ஒலியைச் சுமார் 20 சட்டங்கள் முன்னதாகவே அச்சிட்டார்கள். ஆக, மீராவின் உதடு சுருளில் ஓரிடத்தில் இருந்தால், அந்த உதட்டுக்குரிய குரல் 38 சென்டிமீட்டர் தள்ளி இருக்கும். திரையில் மட்டும்தான் இரண்டும் சேரும்.

முகத்துக்கும் இதே அளவு மெனக்கெட்டார்கள். இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கனும் ஒளிப்பதிவாளர் ஜிதன் பானர்ஜியும் எம்.எஸ்ஸுக்கு மார்பளவு உருவம் ஒன்றைச் செய்யவைத்தார்கள். விளக்கை மேலும் கீழும் பக்கவாட்டிலுமாக நகர்த்தி அதைப் படமெடுத்துப் பார்த்து, எந்தக் கோணத்தில் எந்த ஒளி பொருந்தும் என்று முடிவு செய்தார்கள்.

1947-ல் இந்தி 'மீரா' வந்தது. அதற்குப் பிறகு அவர் நடிக்கவில்லை. நாகையா 1973-ல் மறையும் காலம்வரை நடித்துக்கொண்டிருந்தார். எம்.எஸ். போன வழி கச்சேரி மேடை. அந்த வழியில்தான் திருமலையும் வந்தது. அங்கே கோயிலுக்குள் ஓர் அறையில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட செப்பேடுகள் இருந்தன. 1503-ல் மறைந்த தாள்ளபாக்க அன்னமாச்சாரியாரின் பாடல்களும் அவர் வம்சத்தாரின் பாடல்களும் பொறித்தவை. செம்பு எழுத்தைக் காத்தது, பாடலுக்குரிய ராகத்தின் பெயரையும் காத்தது. மெட்டை அதனால் காக்க முடியவில்லை. ஃபிலிம் ஓரத்துப் பட்டை போல ஒன்று அந்தக் காலத்தில் ஏது?

எனவே நெடுநூரி கிருஷ்ணமூர்த்தி போன்ற வித்வான்கள் அந்தப் பாடல்களுக்குப் புதிதாக மெட்டமைத்தார்கள். 1980-ஐ ஒட்டி தேவஸ்தானத்துக்காக 'பாலாஜி பஞ்சரத்னமாலா' இசைத்தட்டுகள் பதிவானபோது, அறுபதைத் தாண்டிய எம்.எஸ். அந்த மெட்டுகளைப் பாடம் பண்ணிப் பாடினார்.